சிவப்புப் புள்ளி வைத்த அட்டைகள்

ஜூன் 4

அன்புள்ள அக்கா,

உன் உடம்பு எப்படி இருக்கிறது? அத்தானும் உன் மாமியாரும் சுகம்தானே? இங்கே நாங்களும் சுகம் என்று எழுதித்தான் தொடங்க வேண்டும். அந்த வரிக்கு வந்ததும் பேனா நின்றுவிட்டது.

வாயாடிக்கு மறுபடியும் வலிப்பு வந்துவிட்டது. இந்த முறை பள்ளிக்கூடத்தில். தண்ணீர் குடிக்க வரிசையில் நின்றவள் குழாயடியிலேயே விழுந்திருக்கிறாள். முன்பல் பாதி உடைந்துவிட்டது. பால்பல்தான், முளைத்துவிடும் என்கிறார்கள். நான் போய்ச் சேர்ந்தபோது தலைமையாசிரியை அறையில் பெஞ்சில் படுக்க வைத்திருந்தார்கள். "மத்த பிள்ளைங்க பயந்துபோய் அழுறாங்கம்மா. வர வேண்டாம்னு நாங்க சொல்லல. நல்லா குணமானதும் கூட்டிட்டு வாங்க" என்றார் அவர். வர வேண்டாம் என்பதை இதைவிட மரியாதையாக யாராலும் சொல்ல முடியாது.

குடிக்கிற சிரப்பும் வலிப்பை நிறுத்தவில்லை. பிள்ளையைத்தான் நிறுத்திவிட்டது. நீ பேர் வைத்தாயே வாயாடி என்று, அவள் இப்போது பேசுவதே இல்லை. சோற்றைப் பிசைந்து வைத்தால் அதையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். பிறகு தட்டின் பக்கத்திலேயே தூங்கிப்போகிறாள். ஆறு வயதுப் பிள்ளை தூங்குகிற தூக்கமா இது!

டாக்டரம்மா மருந்தை மாற்றலாம் என்கிறார். பேரைச் சொன்னதும் தூக்கிவாரிப் போட்டது. கார்பமசெபைன். நீ இத்தனை வருடமாகப் போடுகிறாயே, அதே மாத்திரை. ஆனால் உடனே கொடுக்க மாட்டாராம். முதலில் ரத்தம் எடுத்து மரபணுப் பரிசோதனைக்கு அனுப்ப வேண்டுமாம். "சில பேர் ரத்தத்துல ஒரு குறி இருக்கும்மா. அவங்களுக்கு இந்த மாத்திரை கொடுத்தா, வெந்நீர் கொட்டின மாதிரி தோல் உரிஞ்சுபோகலாம். ரொம்பப் பேருக்கு அப்படி ஆகாது. ஆனா யாருக்கு ஆகும்னு முகத்தைப் பார்த்துச் சொல்ல முடியாது" என்றார். ரத்தம் வெளியூருக்குப் போய் முடிவு வர வாரக்கணக்கில் ஆகுமாம்.

தாவரவியல் படித்தவள் நான். பட்டாணிச் செடியில் நெட்டையும் குட்டையும் எப்படி வருகிறது என்று பக்கம் பக்கமாக எழுதி மதிப்பெண் வாங்கினேன். அவர் முன்னால் உட்கார்ந்தபோது ஒன்றும் தோன்றவில்லை. இவருக்கும் எழுதியிருக்கிறேன். சுரங்க முகாமுக்குக் கடிதம் போய்ச் சேர்வதே பெரும்பாடு.

உனக்கு அந்த மாத்திரை ஆரம்பத்தில் எப்படி இருந்தது? எழுது.

உன் தங்கை


ஜூன் 12

என் சின்னவளுக்கு,

நான் குத்துக்கல்லாட்டம் இருக்கிறேன். உன் அத்தானும் சௌக்கியம். என் மாமியாருக்கு முழங்கால் வலி. அது குரலை மட்டும் ஒன்றும் செய்யவில்லை.

உன் கடிதத்தை ஃபேக்டரியில் சாப்பாட்டு நேரத்தில் படித்தேன். டப்பாவை அப்படியே மூடி வைத்துவிட்டேன். குழாயடி என்று நீ எழுதியதும் எனக்கு என் பத்தாம் வகுப்புப் பரீட்சை ஹால்தான் கண்ணில் வந்தது. அன்றோடு என் படிப்பு முடிந்தது. விழுந்தவளுக்கு ஒன்றும் தெரியாதடி. எழுந்த பிறகு சுற்றி நிற்கிற முகங்களைப் பார்க்கிறோமே, அதுதான் வியாதி. அந்த முகங்களை என் செல்லமும் பார்க்க வேண்டுமா?

எனக்கு அந்த மாத்திரை எப்படி இருந்தது என்று கேட்கிறாய். போட ஆரம்பித்த பிறகுதான் நான் மனுஷியானேன். கல்யாணம் ஆனது, வேலைக்கு வந்தேன். செக்கிங் பிரிவில் நூறு சட்டைக்குள் ஒரு பொத்தானில் நூல் விட்டிருந்தாலும் என் கண் எடுத்துவிடும். மூளை மந்தம் என்று யாராவது சொல்லட்டும் பார்க்கலாம். ஒரு கொப்புளம் உண்டா, ஒரு சொறி உண்டா? இல்லை. காலேஜ் படித்தவளே, உன் பிள்ளை உடம்பில் ஓடுவது யார் ரத்தம்? நம் வீட்டு ரத்தம். எனக்கு ஒத்துக்கொண்டது அவளுக்கு எப்படி ஒத்துக்கொள்ளாமல் போகும்? ரத்தத்தைத் தெரிந்துகொள்ள ஊர் ஊராக அனுப்ப வேண்டுமாம். என்னைக் கேட்டால் சொல்ல மாட்டேனா? டாக்டர்களுக்கு அவரவர் பயம். பிள்ளை விழுந்தால் அவர்கள் பல்லா உடைகிறது?

நாலு மாத்திரை அட்டை இத்துடன் அனுப்புகிறேன். என் மருந்துச் சீட்டின் நகலும் இருக்கிறது. அட்டையின் மூலையில் சிவப்பாகப் பார்க்கிறாயே, அது என் நகப்பூச்சு. என் வீட்டில் இதை வைட்டமின் என்று சொல்லி வைத்திருப்பது உனக்குத் தெரியும். அத்தானுக்கு மட்டும்தான் விஷயம் தெரியும். மாமியாரின் கால்சியம் அட்டையும் பார்க்க இதே மாதிரி இருப்பதால், மாறிப்போகாமலிருக்க வாங்கியவுடனே என் அட்டைக்கெல்லாம் ஒரு புள்ளி வைத்துவிடுவேன். போன வாரம்கூட, "அந்த வைட்டமின்ல எனக்கும் ஒண்ணு குடேன்டி, உனக்கு மட்டும்தான் உடம்பா?" என்றார். சிரிக்கவும் முடியவில்லை, அழவும் முடியவில்லை.

போன் செய்யாதே. அந்த வீட்டுச் சுவருக்குக் கேட்கும். ஃபேக்டரி விலாசத்துக்கே எழுது.

முத்தங்களுடன்,
அக்கா


ஜூன் 20

அன்புள்ள அக்கா,

நீ நலமாக இருப்பதைப் படித்து மனதுக்கு இதமாக இருந்தது. பொட்டலம் பத்திரமாக வந்தது. துணி அலமாரியின் மேல்தட்டில் வைத்திருக்கிறேன்.

நான் பிரிக்கும்போது வாயாடி பக்கத்திலேயே இருந்தாள். சிவப்புப் புள்ளிகளைப் பார்த்ததும் அவளுக்குப் பல நாள் கழித்து வாய் திறந்தது. "மாத்திரைக்குப் பொட்டு வெச்சிருக்காங்க. பெரியம்மா வெச்சாங்களா?" என்று நகத்தால் சுரண்டிச் சுரண்டிப் பார்த்தாள். வரவில்லை. நானும் சுரண்டிப் பார்த்தேன். என்ன பூச்சோ அது, அட்டை கிழிந்தாலும் புள்ளி போகாது போலிருக்கிறது! 'பொட்டு மாத்திரை' என்று பேர் வைத்துவிட்டாள்.

ரத்தம் எடுத்து அனுப்பிவிட்டார்கள். முடிவு வரும் வரை சிரப்பையே கொடுக்கச் சொல்லியிருக்கிறார்கள். டாக்டரம்மாவிடம் உன்னைப் பற்றிச் சொன்னேன். "அக்காவுக்கு ஒத்துக்கிட்டா சந்தோஷம்தான். ஆனா ஒரே சீட்டுக்கட்டைக் கலைச்சுப் போட்டாலும் ரெண்டு பேர் கையில ஒரே சீட்டா விழுது? அதோட, உங்க பிள்ளை கையில பாதி சீட்டு அப்பா வீட்டுது" என்றார். உன்னிடம் சொன்னால் சிரிப்பாய் என்று தெரியும்.

நேற்று மறுபடி ஒரு முறை வந்தது. வீட்டில்தான். தலையை மடியில் வைத்துக்கொண்டேன். சின்ன வயதில் உன் தலையைப் பிடித்துக்கொள்வேனே, அதே மாதிரி. அப்போது எனக்குப் பயமே இருக்காது, உனக்கு நினைவிருக்கிறதா? இப்போது அவள் மூச்சையே எண்ணிக்கொண்டிருந்தேன்.

அப்புறம், ஒன்றுமில்லை, சும்மா கேட்டு வைக்கிறேன். அந்த மாத்திரையைச் சாப்பாட்டுக்கு முன்னால் போடுவாயா, பின்னாலா? சின்னப் பிள்ளைக்கென்றால் முழுசா, பாதியா?

உன் தங்கை


ஜூன் 27

என் சின்னவளுக்கு,

எல்லோரும் நலம். உன் நலமும் என் செல்லத்தின் நலமும் கேட்டு எழுதுகிறேன்.

சும்மா கேட்டு வைக்கிறாயாம்! நீ சின்ன வயதில் அடுப்படியில் நின்றுகொண்டு "சர்க்கரை டப்பா எங்கே இருக்குன்னு சும்மா தெரிஞ்சுக்கலாமேன்னுதான்" என்று கேட்பாய். அதே சும்மா.

சாப்பாட்டுக்குப் பின்னால். பிள்ளைக்குப் பாதி. கத்தியால் வெட்டாதே, நடுக்கோட்டில் அழுத்தினால் தானே உடையும். கசக்கும், தேனில் குழைத்துக் கொடு.

சீட்டுக்கட்டாம். உன் டாக்டரம்மா ஆஸ்பத்திரியில் சீட்டாடுகிறாரா? நான் பார்க்காத வலிப்பா, நான் விழுங்காத மாத்திரையா? உன்னைப் பயமுறுத்திப் பயமுறுத்தியே பிள்ளையைத் தூங்கவைத்துக்கொண்டிருக்கிறார்கள். நீ தாய். தைரியமாக இரு.

அட்டை தீர்ந்தால் எழுது. என் கையிருப்பைப் பற்றி யோசிக்காதே.

அக்கா


ஜூலை 12

அன்புள்ள அக்கா,

சுகம், சுகம், சுகம்! மூன்று முறை எழுதினால்தான் எனக்கே நம்பிக்கை வருகிறது. நீங்கள் எல்லோரும் எப்படி இருக்கிறீர்கள்?

வாயாடி மறுபடியும் வாயாடியாகிவிட்டாள். இந்த மாதத்தில் ஒரு வலிப்புகூட இல்லை. தூக்கம் போன இடம் தெரியவில்லை. பக்கத்து வீட்டுத் தையல்காரரிடம் போய், "உங்க மெஷின் ஏன் ஒரே வார்த்தையையே சொல்லிட்டிருக்கு?" என்று கேட்டிருக்கிறாள். அவர் மெஷினை நிறுத்திவிட்டுச் சிரித்தாராம். பள்ளிக்கூடப் பையைத் தானே எடுத்துத் துடைத்து வைத்திருக்கிறாள்.

எப்படி என்று கேட்பாய். விவரமெல்லாம் பிறகு. இன்னும் கொஞ்ச நாள் போகட்டும். இப்போதே சொன்னால் கண்பட்டுவிடும் போல ஒரு பயம்.

ஆஸ்பத்திரி அலுவலகத்திலிருந்து போன் வந்தது. பரிசோதனை முடிவு வந்துவிட்டதாம், வந்து டாக்டரம்மாவைப் பார்க்கச் சொன்னார்கள். போக வேண்டும். போனால் அவர் ஆயிரம் கேள்வி கேட்பார். பிள்ளைதான் நன்றாக இருக்கிறாளே, அடுத்த வாரம் போய்க்கொள்ளலாம் என்று இருக்கிறேன்.

உன் தங்கை


ஜூலை 26
ஆஸ்பத்திரி

என்னங்க,

உங்கள் உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். சுரங்கத்துக்குள் இறங்கும்போது மூக்கில் துணி கட்டிக்கொள்ளுங்கள். முகாம் அலுவலகத்துக்குத் தந்தி போல நாலு வார்த்தை சொல்லி அனுப்பினேன், கிடைத்ததா தெரியவில்லை. மீதியை இங்கே எழுதுகிறேன். கடைசி வரை படித்துவிட்டு என்னை என்ன வேண்டுமானாலும் சொல்லுங்கள்.

அக்காவின் மாத்திரையை நான் கொடுத்தேன். முடிவு வரும் வரை பொறுக்கச் சொல்லி டாக்டரம்மா சொன்னார், நீங்களும் எழுதியிருந்தீர்கள். அதை மீறிக் கொடுத்தேன். சிரப்பை நானாகவே குறைத்தேன். பிள்ளை பேச ஆரம்பித்ததும் எனக்குத் தலைகால் புரியவில்லை. முழுக்க நல்லாகட்டும், பிறகு உங்கள் எல்லோருக்கும் பெருமையாக எழுதலாம் என்றிருந்தேன். அதனால்தான் அக்காவிடம்கூட இன்னும் சொல்லவில்லை.

முதலில் காய்ச்சல் வந்தது. கண் சிவந்தது. ஊரெல்லாம் காய்ச்சல், அதுதான் என்று நினைத்தேன். வாயில் புண் வந்தது. "எரியுதும்மா, பொட்டு மாத்திரை வேண்டாம்மா" என்று அழுதாள். தேனை அதிகமாக ஊற்றிக் குழைத்து, மூக்கைப் பிடித்து ஊட்டினேன். வலிப்பு திரும்பிவிடக் கூடாதே என்ற ஒரே பயம் எனக்கு. மறுநாள் மார்பில் செக்கச்செவேலென்று திட்டுத்திட்டாக வந்தது. சட்டையைக் கழற்றினேன். சட்டையோடு தோலும் வந்தது.

"புதுசா ஏதாவது மருந்து கொடுத்தீங்களா?" என்று டாக்டரம்மா கேட்டார். கைப்பையிலிருந்து அட்டையை எடுத்து மேசையில் வைத்தேன். அவர் திட்டவில்லை. திட்டியிருக்கலாம். மேசை இழுப்பறையைத் திறந்து ஒரு தாளை எடுத்து அதன் பக்கத்தில் வைத்தார். முடிவு. அந்தக் குறி நம் பிள்ளையிடம் இருக்கிறது. இந்த மாத்திரை கூடவே கூடாது என்று எழுதியிருந்தது. நான் அடுத்த வாரம் வாங்கிக்கொள்ளலாம் என்று விட்டுவைத்த தாள்.

தீக்காய வார்டில் படுக்க வைத்திருக்கிறார்கள். நெருப்பே படாத பிள்ளை. உடம்பெல்லாம் ஈரத் துணி. இமை இரண்டும் ஒட்டிக்கொள்ளாமலிருக்க நர்ஸ் அடிக்கடி வந்து கண்ணாடிக் குச்சியால் பிரித்துவிடுகிறார். ஒவ்வொரு முறையும் என்னை வெளியே போகச் சொல்கிறார். நான் போவதில்லை. உயிருக்கு என்ன என்று கேட்டேன். "பார்க்கலாம்" என்கிறார்கள்.

என் ரத்தத்தையும் எடுத்துப் பார்க்கிறார்கள்.

ஒன்று கேட்கிறேன். அக்காவுக்கு இது தெரிய வேண்டாம். அவளைக் காப்பாற்றுவதற்கென்று நினைக்காதீர்கள். கோபம் எனக்கும் இருக்கிறது. ஆனால் அவள் உயிரோடு இருக்கிற வரை காலையிலும் ராத்திரியிலும் அதே மாத்திரையைத்தான் வாயில் போட வேண்டும். இது தெரிந்தால் அவளால் எப்படி விழுங்க முடியும்? நிறுத்திவிடுவாள். நிறுத்தினால் விழுவாள். அவளை எனக்குத் தெரியும்.

உங்கள் மனைவி


ஆகஸ்ட் 5

அன்புள்ள உனக்கு,

நான் நல்லா இருக்கேன்னு எழுத இப்ப கை வரல. விடுப்பு கேட்டிருக்கேன். எங்க மேஸ்திரி ரெண்டு தடவை மேலிடத்துக்கு எழுதிட்டாரு. மாத்து ஆள் வந்ததும் கிளம்பிடுவேன்.

உன் கடிதத்தை நாலு தடவை படிச்சேன். உங்க அக்கா மேல கோபம் வருது. உன் மேலயும் வருது. என் மேலதான் ஜாஸ்தி வருது, பக்கத்துல இல்லாத ஆளுக்குக் கோபப்பட என்ன யோக்கியதைன்னு. டாக்டர் கேட்டதும் அட்டையை எடுத்து வெச்சியே, அதுக்கு உனக்கு ஒரு கும்பிடு.

நீ சொன்னது சரிதான். அவங்களுக்குத் தெரிய வேண்டாம். ஒரு வீட்டுல ஒருத்தர் விழுந்தது போதும்.

பிள்ளைகிட்ட அப்பா வந்துட்டே இருக்கேன்னு சொல்லு. திரும்பத் திரும்பச் சொல்லு.

இப்படிக்கு, நான்


ஆகஸ்ட் 19

அன்புள்ள அக்கா,

நீயும் அத்தானும் மாமியாரும் நலமாக இருக்க வேண்டும். இத்தனை நாள் எழுதாமலிருந்ததற்குக் கோபித்துக்கொள்ளாதே.

வாயாடி ஆஸ்பத்திரியில் இருக்கிறாள். ஒரு மருந்து ஒத்துக்கொள்ளாமல் உடம்பெல்லாம் புண்ணாகிவிட்டது. கண்டம் தாண்டிவிட்டது என்று டாக்டரம்மா போன வாரம்தான் சொன்னார். அதுவரை உனக்கு எழுத வேண்டாம் என்று இருந்தேன். தோல் புதிதாக வளர்கிறது, கைக்குழந்தையின் தோல் மாதிரி ரோஜா நிறத்தில். கண்ணில்தான் தழும்பு விழுந்துவிட்டது. வலது கண்ணில் வெளிச்சம் மட்டும் தெரிகிறது. இடது கண்ணில் ஆள் நிற்பது தெரிகிறது, யார் என்று தெரியவில்லை. கிட்டே போய்ப் பேசினால் கண்டுபிடிக்கிறாள். அறுவை சிகிச்சை செய்து பார்க்கலாமாம், பிறகு, வளர்ந்த பிறகு.

வலிப்புக்கு வேறொரு மருந்து கொடுக்கிறார்கள். சுமாராகக் கேட்கிறது. இவர் விடுப்புக்குக் காத்திருக்கிறார்.

என் ரத்தத்தையும் பார்த்தார்கள். அந்தக் குறி பிள்ளைக்கு என்னிடமிருந்துதான் வந்திருக்கிறதாம். எனக்கு ஒரு நாளும் வலிப்பு வந்ததில்லை, அதனால் அது என்னிடம் இருப்பது யாருக்கும் தெரியவில்லை. ஒரே வயிற்றில் பிறந்தோம் அக்கா. உனக்கு வலிப்பு வந்தது, எனக்கு இது வந்திருக்கிறது.

உன் தங்கை


ஆகஸ்ட் 30

சின்னவளே,

எல்லோரும் நலம். கையெழுத்து கோணலாக இருக்கிறதே என்று பார்க்காதே, இடது கையால் எழுதுகிறேன். வலது கையில் கட்டு. இஸ்திரி மேசைப் பக்கம் போனபோது பெட்டி பட்டுவிட்டது. கவனக் குறைவு, வேறொன்றுமில்லை. கொஞ்ச நாள் வீட்டில் இருக்கச் சொல்லியிருக்கிறார்கள். கூட வேலை செய்கிறவள் உன் கடிதத்தைக் கொண்டுவந்து கொடுத்தாள்.

மாடிப்படியில் உட்கார்ந்து படித்தேன். பிறகு இன்னொரு முறை படித்தேன்.

என்ன மருந்து ஒத்துக்கொள்ளவில்லை? பேரை ஏன் எழுதவில்லை? நீ பட்டாணிச் செடிக்கே மூன்று பேர் எழுதுகிறவள். ஜூலையில் "விவரம் பிறகு" என்று எழுதினாய். அந்த விவரம் இன்னும் வரவில்லை.

ஒரே கேள்வி. நான் அனுப்பியதைக் கொடுத்தாயா? அம்மா மேல் ஆணையாகச் சொல்.

கொடுக்கவில்லையென்றால் அந்த நாலு அட்டையையும் உடனே திருப்பி அனுப்பு. இங்கே கடையில் சரக்கு இல்லை, எப்போது வரும் என்றும் தெரியவில்லை. கொஞ்ச நாளாக ஒன்றைப் பாதியாக்கிப் பாதியாக்கி ஓட்டிக்கொண்டிருக்கிறேன்.

என் செல்லத்தின் கண்ணுக்கு என் கண்ணைக் கொடுக்க முடியுமா என்று உன் டாக்டரம்மாவைக் கேள். சும்மா கேட்டு வை.

அக்கா


செப்டம்பர் 5

என்னங்க,

நீங்கள் கிளம்புவதற்குள் இது கிடைக்குமோ என்னவோ. உடம்பு எப்படி இருக்கிறது? வாயாடி நேற்றுத் தானாக நடந்து ஜன்னல் வரை போனாள். எப்போது வருகிறீர்கள் என்று நாளைக்குப் பத்துத் தடவை கேட்கிறாள்.

அக்கா எழுதியிருந்தாள். கை சுட்டுக்கொண்டாளாம், கவனக் குறைவாம். நூறு சட்டையில் ஒரு நூலைப் பிடிக்கிறவளுக்குக் கவனக் குறைவா! எனக்குப் புரிந்துவிட்டது. தன் மாத்திரையை நமக்கு அனுப்பிவிட்டு, தான் பாதிப் பாதியாக விழுங்கி, வேலை செய்கிற இடத்திலேயே விழுந்திருக்கிறாள். அனுப்பும்போது ஒரு வார்த்தை சொல்லவில்லை. இப்போது அட்டைகளைத் திருப்பிக் கேட்கிறாள். நம்மிடம் எங்கே இருக்கிறது? பிரித்ததில் மிஞ்சியதை டாக்டரம்மா வாங்கி வைத்துக்கொண்டார். மற்றதை அன்றைக்கே குப்பையில் கொட்டினேன்.

அவள் சீட்டின் நகலை எடுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு எதிர்க்கடைக்குப் போனேன். கடைக்காரர் சீட்டைப் பார்த்துவிட்டு, "யாருக்கும்மா?" என்றார். அக்காவுக்கு என்றேன். "பிள்ளைக்கு இல்லியே?" என்றார். வார்டு முழுக்கத் தெரிந்திருக்கிறது நம் கதை. அந்த மாத்திரையைக் காசு கொடுத்து வாங்கினேன். அதே கம்பெனி, அதே அட்டை. கையில் வாங்கும்போது கை சுட்டது போல இருந்தது. கடைக்காரர் தானாகவே உறையில் போட்டு ஒட்டிக் கொடுத்தார். அதை நான் பிரித்துக்கூடப் பார்க்கவில்லை. அப்படியே அக்காவுக்கு அனுப்புகிறேன்.

அம்மா மேல் ஆணையாகக் கேட்டிருக்கிறாள். அம்மா மன்னித்துக்கொள்வாள்.

உங்கள் மனைவி


செப்டம்பர் 5

அன்புள்ள அக்கா,

உன் கை ஆறிவிட்டதா? மருந்து போட்டுக் கட்டுகிறார்களா? அடுப்புப் பக்கம் தனியாகப் போகாதே.

நீ கேட்டதற்குப் பதில்: கொடுக்கவில்லை. அம்மா மேல் ஆணை. ஒத்துக்கொள்ளாமல் போனது ஆஸ்பத்திரியில் கொடுத்த ஒரு மருந்து. பேர் வாயில் நுழையவில்லை. ஜூலையில் எழுதிய விவரம் ஒன்றும் பெரிதில்லை, சிரப்பை மாற்றினார்கள், கொஞ்ச நாள் நன்றாக இருந்தாள், அவ்வளவுதான். நீ அனுப்பியது அலமாரியின் மேல்தட்டில் அப்படியே இருந்தது. இதோ நாலு அட்டையும் அனுப்புகிறேன். இனிமேல் பாதியாக்காதே. முழுசாகப் போடு. வேளை தவறாமல் போடு. உன் காலில் விழுந்து கேட்கிறேன்.

கண்ணைப் பற்றி டாக்டரம்மாவைக் கேட்டேன். அப்படியெல்லாம் ஆகாதாம். ஆனால் நீ கேட்டதைப் பிள்ளையிடம் சொல்லச் சொன்னார், சொல்லிவிட்டேன்.

உன் தங்கை


செப்டம்பர் 21

என் சின்னவளுக்கு,

கட்டுப் பிரித்துவிட்டார்கள். வலது கையால் எழுதுகிற முதல் கடிதம் இது. நீ, உன் வீட்டுக்காரர், என் செல்லம் மூன்று பேரும் ஒரே வீட்டில் இருக்கிறீர்கள் என்பதே எனக்குப் பெரிய ஆறுதல். அவர் வந்து சேர்ந்த அன்று நான் அவரிடம் போனில் பேசினேனே, சொன்னாரா? ஆமாம், போனில், கூடத்தில் நின்றுகொண்டுதான் பேசினேன். இனிமேல் எந்தச் சுவருக்கும் பயமில்லை. மாமியாரிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன்.

ஆகாயத்துக்கும் பூமிக்குமாகக் குதிப்பார் என்று நினைத்தேன். முழங்காலைத் தடவிக்கொண்டிருந்தார். பிறகு, "நான் ஒண்ணு குடுன்னு கேட்டேனே, குடுத்திருந்தா எனக்கு என்னடி ஆயிருக்கும்?" என்று மட்டும் கேட்டார்.

நீ அனுப்பிய மாத்திரை வந்தது. நாலு அட்டை. ஒவ்வொன்றையும் விளக்கு வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தேன், தொழில் பழக்கம். நான் அனுப்பிய அதே அட்டைகள்தான். வழியில் உரசியதோ என்னவோ, மூலையிலிருந்த புள்ளிகள் மட்டும் அழிந்துபோயிருக்கின்றன. மறுபடி வைத்துக்கொண்டேன்.

அடுத்த வாரம் அங்கே வருகிறேன். எவ்வளவு நாள் என்று கேட்காதே. கண்ணுக்குச் சொட்டு விடுவது எப்படி என்று நர்ஸிடம் நான் கற்றுக்கொள்கிறேன், நீ கொஞ்சம் தூங்கு. வாயாடி என் மடியில் உட்கார்ந்து எதை வேண்டுமானாலும் பேசட்டும். எந்த மாத்திரைக்கு என்ன பேர் வைத்தாள் என்று அவள் சொன்னாலும் கேட்டுக்கொள்வேன். திருப்பி ஒன்றும் கேட்க மாட்டேன்.

நீ சொன்னபடி முழுசாகப் போடுகிறேன். காலையும் ராத்திரியும், ஒரு வேளைகூடத் தவறவில்லை. அத்தான் பக்கத்தில் நின்று பார்க்கிறார். விழுங்குவதற்கு மட்டும் இப்போதெல்லாம் தண்ணீர் கொஞ்சம் கூடுதலாக வேண்டியிருக்கிறது. வேறொன்றுமில்லை.

உன் அக்கா